'ஒன்றுமில்லை' என்று சொல்லும் மருத்துவர்களுக்கு

மதிப்பிற்குரிய மருத்துவர்களுக்கு,

வணக்கம். என் ஃபைல் இரண்டு விரல் தடிமன் இருக்கும். நான்கு ஈசிஜி, ஒரு எக்கோ, தைராய்டு பரிசோதனை இரண்டு முறை, கழுத்துக்கு ஒரு எம்ஆர்ஐ. எல்லாவற்றுக்கும் ஏறக்குறைய ஒரே முடிவுதான்: நார்மல். அதைப் படிக்கும்போது உங்கள் முகத்தில் ஒரு நிம்மதி தெரியும். "உங்களுக்கு ஒண்ணுமில்ல, டென்ஷன் ஆகாம இருங்க" என்பீர்கள். நானும் தலையாட்டிவிட்டு, மரத்துப்போன விரல்களால் ஃபைலை வாங்கிக்கொண்டு வெளியே வருவேன்.

நான் பயணம் செய்த காரைப் பின்னாலிருந்து ஒரு லாரி இடித்தது. தோள்பட்டை எலும்பில் விரிசல். ஆறேழு வாரத்தில் எலும்பு கூடிவிட்டது, ஆனால் வலி போகவில்லை. கழுத்தில் தொடங்கித் தோள் வழியாக இறங்கும் வலி ஒன்றரை வருடம் விடாமல் இருந்தது. கூடவே இன்னொன்றும் வந்து சேர்ந்தது. எங்காவது பிரேக் கிறீச்சிட்டால் நெஞ்சு அடித்துக்கொள்ளும், தொண்டை அடைக்கும், விரல் நுனியிலும் உதட்டைச் சுற்றியும் எறும்பு ஊர்வது போலிருக்கும். மாரடைப்பு என்றே நினைத்து மூன்று முறை அவசரப் பிரிவுக்கு ஓடினேன். மூன்றாவது முறை அங்கிருந்த ஒருவர் பக்கத்தில் நின்றவரிடம் "மறுபடியும் வந்துட்டாங்க" என்று மெதுவாகச் சொன்னது என் காதில் விழுந்தது. மெதுவாகச் சொல்வதெல்லாம் நோயாளிக்கு நன்றாகவே கேட்கும்.

நான்காவது முறை இரவுப் பணியில் ஓர் இளம் மருத்துவர் இருந்தார். ஈசிஜி எடுத்தார், ரத்தம் எடுத்தார், முடிவு வரும்வரை காத்திருந்தார். எல்லாம் சரியாக இருந்தது. அப்புறம் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார். "இப்போ நான் சொல்ற மாதிரி வேகமா மூச்சு விடுங்க" என்றார். ஒரு நிமிடம்கூட ஆகவில்லை, அதே எறும்பு, அதே உதடு. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அவர் சிரித்தார்.

பயந்தால் மூச்சு வேகமாகிறது. உடலுக்குத் தேவையானதைவிட அதிகமாகக் கரியமில வாயு வெளியே போய்விடுகிறது. ரத்தத்தின் காரத்தன்மை கூடுகிறது, அதனால் ரத்தத்தில் தனித்து உலவும் கால்சியம் குறைகிறது, நரம்புகள் எளிதில் துடித்தெழுகின்றன. அதுதான் அந்த எறும்பு. மூளைக்குப் போகும் ரத்தக் குழாய்கள் சற்றுச் சுருங்குவதால் தலை சுற்றுகிறது. இதை ஒரு மருந்துச் சீட்டின் பின்பக்கத்தில் அம்புக்குறி போட்டு வரைந்து காட்டினார். இவ்வளவுக்கும் எடுத்துக்கொண்டது நான்கைந்து நிமிடம்.

என்னிடம் "ஒண்ணுமில்ல" என்று சொல்லாத முதல் மருத்துவர் அவர். என்ன இருக்கிறது என்று சொன்னார்.

இந்த மடலில் நான் கேட்கப்போவது இதைத்தான். 'ஆபத்தான நோய் இல்லை' என்பதையும் 'ஒன்றுமில்லை' என்பதையும் ஒரே வாக்கியமாக்கிவிடாதீர்கள். முதலாவது நல்ல செய்தி. இரண்டாவது உண்மை அல்ல. பயத்தில் அட்ரீனலின் என்ற ஹார்மோன் சுரப்பதும் தசைகள் இறுகுவதும் குடலின் வேலை தடுமாறுவதும் உடலில் நடப்பவை. 1915-லேயே வால்டர் கேனன் என்ற அமெரிக்க உடலியல் அறிஞர் பயமும் கோபமும் வலியும் உடலுக்குள் என்ன செய்கின்றன என்று ஒரு புத்தகம் முழுக்க எழுதினார். ஆபத்தைக் கண்டதும் உடல் தயாராவதைச் சொல்லும் 'எதிர்த்து நில் அல்லது ஓடு' என்ற கருத்து அவருடையது. நம் பேச்சு வழக்கில் இது அதற்கும் முன்பே இருக்கிறது. வயிற்றைக் கலக்குகிறது, ஈரக்குலை நடுங்குகிறது, நெஞ்சு கனக்கிறது என்றுதானே சொல்கிறோம்? ஆனால் அதே வார்த்தைகளோடு உங்கள் முன்னால் உட்கார்ந்தால், கலக்கத்துக்கு கேஸ் மாத்திரையும் கனத்துக்கு இன்னொரு ஈசிஜியும் கிடைக்கின்றன.

வலிக்கு வருகிறேன். எனக்கு அதிகம் கோபம் வந்தது அதில்தான்.

"ஸ்கேன்ல எதுவும் தெரியல, மனசுலதான் இருக்கு" என்றார் ஒருவர். மூளையில் இருக்கிறது என்று சொல்லியிருந்தால் ஒப்புக்கொண்டிருப்பேன், எல்லா வலியும் அங்கேதான் உருவாகிறது. 1995-ல் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலில் ஒரு கட்டடத் தொழிலாளியைப் பற்றிய குறிப்பு வந்தது. வயது 29. குதித்தபோது 15 சென்டிமீட்டர் ஆணி அவருடைய பூட்ஸைத் துளைத்து மேலே வந்துவிட்டது. சற்று அசைத்தாலும் உயிர் போகும் வலி. மயக்கமூட்டி ஆணியை உருவிப் பூட்ஸைக் கழற்றிப் பார்த்தால் காலில் ஒரு கீறலும் இல்லை, ஆணி விரல்களுக்கு நடுவே போயிருந்தது. அவர் நடிக்கவில்லை. ஆபத்து என்று மூளை கணித்தது, வலி வந்தது. போர்முனையில் பெரிய காயத்தோடு வந்த வீரர்களில் பலர் வலி மருந்தே கேட்கவில்லை என்று ஹென்றி பீச்சர் என்ற அமெரிக்க மருத்துவர் 1946-ல் எழுதியதும் இதே கதைதான், திசை மட்டும் வேறு.

காயம் ஆறியும் வலி ஏன் நிற்கவில்லை என்பதற்கும் விடை இருக்கிறது. அடிபட்டு வலித்துக்கொண்டே இருந்தால் தண்டுவட நரம்புகளே கூர்மையாகிவிடுகின்றன, லேசாகத் தொட்டாலும் வலியாகச் செய்தி போகிறது. கிளிஃபோர்ட் வூல்ஃப் என்ற நரம்பியல் ஆய்வாளர் இதை 1983-ல் எலிகளில் காட்டினார். திருடன் போன பிறகும், பூனை நடந்தாலே அலறுகிற அலாரம் மாதிரி. பயமும் தூக்கமின்மையும் அந்த அலாரத்தின் ஒலியை இன்னும் கூட்டிவிடும். சர்வதேச வலி ஆய்வுக் கழகம் 2020-ல் வலியின் வரையறையைத் திருத்தியபோது, ஒருவர் வலிக்கிறது என்று சொன்னால் அதை மதிக்க வேண்டும் என்று குறிப்பிலேயே எழுதியது. உலக சுகாதார நிறுவனத்தின் நோய்ப் பட்டியல் 2022-லிருந்து, மூன்று மாதத்துக்கு மேல் நீடிக்கும் வலியைத் தனி நோயாகவே ஏற்கிறது. ஆகவே "காரணம் தெரியாத வலி" என்று என் ஃபைலில் எழுதியவரிடம் எனக்கு ஒரு சின்ன வருத்தம் உண்டு. நாள்பட்ட வலி என்று அதற்குப் பெயர்கூட இருக்கிறது, ஐயா.

இதற்கு நேர் எதிரான தவறு ஒன்றும் நடக்கிறது. ஸ்கேனில் எதையாவது கண்டுவிட்டால் "டிஸ்க் தேஞ்சுபோச்சு, குனியாதீங்க" என்று பயமுறுத்துவது. முதுகுவலியே இல்லாத 3,000-க்கும் மேற்பட்டோரின் ஸ்கேன்களைத் தொகுத்து 2015-ல் ஓர் ஆய்வு வந்தது. இருபது வயதினரில் 37 சதவீதம் பேருக்கும் எண்பது வயதினரில் 96 சதவீதம் பேருக்கும் டிஸ்க் தேய்மானம் இருந்தது. தலை நரைப்பது போன்ற ஒன்றைச் சொல்லி ஒருவரைப் படுக்கையில் போட்டுவிட முடியும். நீங்கள் சாதாரணமாகச் சொல்கிற ஒரு சொல்லை வீட்டுக்கு எடுத்துப் போய் நாங்கள் மாதக்கணக்கில் மென்றுகொண்டிருப்போம்.

பரிசோதனையே வேண்டாம் என்று சொல்ல வரவில்லை. பதற்றக்காரர் என்று பெயர் வாங்கியவருக்கும் மாரடைப்பு வரும். டாகோட்சுபோ என்று 1990-ல் ஜப்பானில் விவரித்தார்களே, பெரும் துக்கத்துக்கோ அதிர்ச்சிக்கோ பிறகு இதயத்தின் இடது கீழறை ஊதிப்போய் அப்படியே மாரடைப்பு போலத் தெரியும் நிலை. அதில் மனசு எது, உடம்பு எது என்று எந்தக் கோட்டைப் போட்டுப் பிரிப்பீர்கள்? பாருங்கள், சோதியுங்கள். பார்த்து முடித்ததும் எழுந்துவிடாதீர்கள், அவ்வளவுதான்.

எந்த மருத்துவரும் என்னிடம் "அந்த விபத்துக்கு அப்புறம் எப்படித் தூங்கறீங்க?" என்று கேட்கவில்லை. கேட்டிருந்தால் கொட்டியிருப்பேன். எனக்காவது விபத்து, அது ஃபைலின் முதல் பக்கத்திலேயே இருக்கிறது. சிறுவயதில் வீட்டுக்குள்ளேயே அடியும் வசவும் பாலியல் தொல்லையும் அனுபவித்தவர்களின் ஃபைலில் அது எங்கே இருக்கும்? அப்படிப்பட்ட அனுபவங்கள் கூடக்கூட, பெரியவர்களான பிறகு இதய நோயும் நுரையீரல் நோயும் அதிகம் காணப்படுவதாக 1998-ல் அமெரிக்க மருத்துவர் ஃபெலிட்டியும் அவருடைய குழுவினரும் வெளியிட்டார்கள். இவர்களிடம் கதையைத் துருவிக் கேட்க வேண்டியதில்லை. தொடுவதற்கு முன் "தொடட்டுமா?" என்று கேட்டாலே பாதி இறுக்கம் தளரும். மனநல மருத்துவரிடம் அனுப்புவதானாலும் அனுப்புங்கள், ஆனால் தொலைந்தால் சரி என்று தள்ளிவிடுவது போல வேண்டாம். "நீங்களும் இங்கே வாங்க, அங்கேயும் போங்க" என்று சொன்னால் நாங்கள் போவோம்.

நேரமில்லை என்பீர்கள். வெளியே எத்தனை பேர் காத்திருக்கிறார்கள் என்று எனக்கும் தெரியும், அவர்களில் ஒருத்தியாக உட்கார்ந்திருந்தவள்தானே. அந்த நான்கைந்து நிமிடத்துக்கு முன் மூன்று முறை அவசரப் பிரிவுக்கு வந்தேன். அதற்குப் பிறகு இரண்டு வருடமாக ஒரு முறைகூட வரவில்லை. படபடப்பு இப்போதும் வருகிறது. வந்தால் மூச்சை மெதுவாக வெளியே விட்டுக்கொண்டு அதே இடத்தில் உட்கார்ந்திருக்கிறேன், போய்விடுகிறது. கழுத்து, நடக்க நடக்கக் கொஞ்சம் கொஞ்சமாக விட்டுக்கொடுக்கிறது.

அடுத்த மாதம் மறுபரிசோதனைக்கு வர வேண்டும். ஃபைலைக் கொண்டுவருகிறேன்.

இப்படிக்கு,
நான்கு ஈசிஜியும் நார்மலான ஒரு நோயாளி