திறப்பு விழாவுக்குப் பிறகு யார் பார்த்துக்கொள்வது?

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

கழிவுப் பொருள்களைக் கொண்டு, நாம் உள்ளே நுழைந்து நடந்து பார்க்கும்படியான கலைவெளிகளை அமைக்கும் கலைஞரைப் பற்றி உங்கள் ஞாயிறு இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். படங்கள் அருமை. எத்தனை பாட்டில், எத்தனை டன் இரும்பு என்ற கணக்கும் இருந்தது. ஆனால் ஐந்தாறு வருடம் கழித்து அதை யார் பராமரிப்பார்கள் என்று யாரும் கேட்கவில்லை. கட்டடப் பராமரிப்பில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற எனக்கு அதுதான் உறுத்துகிறது.

சண்டிகரில் உள்ள ராக் கார்டன் என்ற சிற்பத் தோட்டத்தையே பாருங்கள். சாலை ஆய்வாளராக இருந்த நேக் சந்த், 1957 வாக்கில் யாருக்கும் தெரியாமல் அதைக் கட்டத் தொடங்கினார். புதிய நகரத்துக்காக இடிக்கப்பட்ட ஊர்களின் மிச்சம், உடைந்த வளையல், பீங்கான், ஓடு, இவைதான் மூலப்பொருள். அரசு நிலத்தில் அனுமதியில்லாமல் கட்டியது, விஷயம் தெரிந்ததும் இடித்துத் தள்ளியிருக்கலாம். நிர்வாகமோ 1976-ல் மக்களுக்குத் திறந்துவிட்டது. அவருக்குச் சம்பளமும், கூட வேலை செய்ய 50 தொழிலாளர்களும் கொடுத்தது. அந்த ஐம்பது பேரைக் கொடுத்ததைத்தான் நான் பெரிய காரியம் என்பேன். 1996-ல் அவர் வெளிநாடு போயிருந்தபோது நிதி நிறுத்தப்பட்டது. சிலைகளைச் சிலர் உடைத்துவிட்டார்கள். 2025-ல் சாலை விரிவாக்கத்துக்காகச் சுவரின் ஒரு பகுதியே இடிக்கப்பட்டது. உலகம் அறிந்த இடத்துக்கே இந்த கதி.

லாஸ் ஏஞ்சலிஸில் சைமன் ரோடியா 1921 முதல் 1954 வரை தனி ஆளாக எழுப்பிய வாட்ஸ் கோபுரங்களும் இப்படித்தான் தப்பிப் பிழைத்தன. ஆபத்தானவை, இடியுங்கள் என்று நகர நிர்வாகம் சொன்னது. 1959-ல் சுமார் நாலரை டன் விசை கொடுத்து இழுத்துப் பார்த்தார்கள். கோபுரம் அசையவில்லை. சரி, அத்தோடு பிரச்சினை தீர்ந்ததா? இரும்புக் கம்பியின் மேல் சிமென்ட் கலவை பூசி, அதில் கண்ணாடியும் ஓடும் பதித்த வேலை அது. கலவையில் விரிசல் விட்டால் தண்ணீர் இறங்கும். கம்பி துருப்பிடித்து உப்பும். உப்பினால் பூச்சு பெயர்ந்து, பதித்த துண்டுகளும் சேர்ந்து விழும். விரிசலை அவ்வப்போது அடைத்துக்கொண்டே இருப்பதைத் தவிர வேறு வழி கிடையாது. பிளாஸ்டிக் என்றால் இன்னும் மோசம். வெயில் பட்டுப் பட்டு நொறுங்கி, தூளாக மண்ணில் கலந்துவிடும். குப்பையை மீட்டெடுத்த கலைஞரின் உழைப்பு மறுபடி குப்பையாவதைப் பார்க்க மனசு தாங்காது.

அதனால், இத்தகைய படைப்புகளுக்குப் பணம் ஒதுக்குகிறவர்கள் பராமரிப்புக்கும் தனியாக ஒதுக்க வேண்டும். உள்ளே இருக்கும் சட்டகத்தின் வரைபடம், பயன்படுத்திய பசை, எந்தத் துண்டு பழுதானால் எதை மாற்றலாம் என்பதெல்லாம் கலைஞரிடமே கேட்டு எழுதி வாங்கிக்கொள்ள வேண்டும். அழிந்துபோகட்டும் என்பதுதான் அவர் விருப்பம் என்றால் அதுவும் நியாயமே. அப்போது எந்தத் தேதியில், யார் பிரித்தெடுப்பது என்பது ஒப்பந்தத்தில் இருக்கட்டும்.

அடுத்த முறை இப்படியொரு கலைஞரைப் பேட்டி காணும்போது, உங்கள் நிருபர் இதையும் கேட்டு எழுத வேண்டுகிறேன். முடிந்தால் விரிசல் அடைக்கிற தொழிலாளி ஒருவரிடமும் பேசச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற கட்டடப் பராமரிப்புப் பொறியாளர்