கருவியை மாட்டியதும் மறைந்த பிழை

மன்னார்குடி,
தை மாதம்.

அன்புள்ள நண்பனுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. தஞ்சாவூரில் மாணவர்களுக்குக் கேன் பஸ்ஸை, அதாவது வண்டியின் மின்னணுப் பெட்டிகள் ஒன்றோடொன்று செய்தி பரிமாறிக்கொள்ளும் இரட்டைக் கம்பி இணைப்பை, கண்காணிக்கும் மென்பொருள்களைக் கற்பிக்கத் தொடங்கியிருக்கிறாய் என்று படித்து மகிழ்ந்தேன். பாடத்தை எதிலிருந்து தொடங்கலாம் என்று கேட்டிருந்தாய். அதற்கு விடையாக, சென்ற வாரம் வடுவூர்ப் பக்கம் ஒரு சம்பா வயலில் நடந்ததை எழுதுகிறேன்.

இங்கே அறுவடை மும்முரமாக நடக்கிறது. வயல்களில் ஈரம் காயாததால் சக்கரத்துக்குப் பதில் பெல்ட்டில் ஓடும் அறுவடை வண்டிகளுக்குத்தான் கிராக்கி. அப்படி வாடகைக்கு வந்த ஒரு வண்டி, காலைப் பனி விலகும் வரை அடிக்கடி வேகம் குறைந்து நின்றுகொண்டிருந்தது. திரையில் 639, 9 என்ற பிழை எண்கள் வந்தன. கனரக வண்டிகளும் பண்ணை இயந்திரங்களும் கேன் பஸ்ஸில் பேசும் ஜே1939 முறையில் முதல் எண் பஸ்ஸையே குறிக்கும். இரண்டாவது, செய்தி உரிய கால இடைவெளியில் வரவில்லை என்பதைச் சொல்லும். எனக்கு முன் பார்த்தவர்கள் என்ஜின் கட்டுப்பாட்டுப் பெட்டியையே மாற்றச் சொல்லியிருந்தார்கள். கதிர் முற்றிச் சாய்ந்து கிடக்கும் வேளையில், வெறும் ஊகத்தை நம்பி அத்தனை பெரிய செலவை உரிமையாளர் தலையில் ஏற்ற எனக்கு மனம் வரவில்லை.

மடிக்கணினியை ஒரு யுஎஸ்பி கருவி வழியாக இணைத்து, பஸ்ஸின் வேகத்தை வினாடிக்கு 250 கிலோபிட் என்று அமைத்து, பஸ்ஸில் வரும் செய்திகளைத் திரையில் பட்டியலிடும் கேன்டம்ப் நிரலை ஓடவிட்டேன். செய்திகள் ஒழுங்காக வந்தன. என்ஜின் வேகத்தைச் சொல்லும் செய்தியில் நான்காம், ஐந்தாம் பைட்டுகள் 80, 38 என்று இருந்தன. வரிசையை மாற்றி 3880 என்று பதினாறடிமான (ஹெக்ஸ்) எண்ணாகப் படித்தால் 14464, அதை எட்டால் வகுத்தால் நிமிடத்துக்கு 1808 சுற்று. வண்டியின் மானியும் ஏறத்தாழ அதையே காட்டியது. ஒரு மணி நேரம் எந்தத் தடங்கலும் இல்லை. ஆனால் நான் கருவியைக் கழற்றிய சிறிது நேரத்தில் வண்டி மறுபடியும் நின்றுவிட்டது.

வரப்பில் உட்கார்ந்து யோசித்தபோதுதான், என் யுஎஸ்பி கருவிக்குள் 120 ஓம் மின்தடையைச் சேர்க்கும் ஒரு சிறு சுவிட்ச் இருப்பதும், முன்பு பட்டறையில் சோதனைக்காகப் போட்ட அதை அணைக்காமலேயே கொண்டுவந்திருந்ததும் நினைவுக்கு வந்தன. பஸ்ஸின் இரு முனைகளிலும் 120 ஓம் இருக்க வேண்டும் என்பது உனக்குத் தெரியும். ஒரு முனையில் அது இல்லாவிட்டால், மூடிய மதகில் மோதிய தண்ணீர் திரும்பி வருவதைப் போல அலை திரும்பி வந்து பிட்டுகளைக் கெடுக்கும். கம்பி குறுகியதாகவும் வேகம் குறைவாகவும் இருந்தால் பெரும்பாலான செய்திகள் தப்பிவிடுவதால், பிழை நிலையாக இராமல் வந்து வந்து போகும். வண்டி இழந்திருந்த மின்தடையை என் கருவியே கொடுத்து, நான் தேடிவந்த பிழையை மறைத்துவிட்டது.

மறுநாள் விடியற்காலையில் சுவிட்சை அணைத்து, லினக்ஸின் கேன் வசதியான சாக்கெட்கேனில், பஸ்ஸில் எதையும் அனுப்பாமல் கேட்க மட்டும் செய்யும் நிலையை வைத்து, பிழை நேர்ந்ததை அறிவிக்கும் பிழைச் சட்டகங்களையும் காட்டும்படி கேன்டம்ப்பை இயக்கினேன். வேகச் செய்தியை மட்டும் வடிகட்டி, இரண்டு வருகைகளுக்கு இடைப்பட்ட நேரத்தைக் காட்டச் செய்தபோது, 10 மில்லிவினாடிக்கு ஒருமுறை வரவேண்டியது சில இடங்களில் 80, 90 என்று நீண்டிருந்தது. செய்திக்குள் இருந்த எண்களில் எந்தத் தவறும் இல்லை. வராமல் போன செய்திகளில்தான் நோய் இருந்தது. பிறகு பேட்டரியைத் துண்டித்து, பஸ்ஸின் இரு கம்பிகளான கேன் ஹை, கேன் லோ ஆகியவற்றுக்கிடையே மல்டிமீட்டரை வைத்தேன். இரு முனைகளின் 120 ஓம்களும் இணையாகச் சேர்ந்து 60 ஓம் காட்டவேண்டிய இடத்தில் 120 காட்டியது. பின்புற முனையின் இணைப்பானைக் கழற்றிப் பார்த்தால், ஊசிகளில் பச்சைக் களிம்பு. காலைக் குளிரில் விட்டுப்போன தொடர்பு, வெயில் ஏறியதும் சேர்ந்துகொண்டிருந்திருக்கிறது. சுத்தம் செய்து மூடியதிலிருந்து வண்டி நிற்கவில்லை.

ஆகவே, செய்திகளை அலசிக் காட்டும் வயர்ஷார்க் மென்பொருளின் வண்ண வரிகளுக்குப் போகுமுன், கேட்கும் கருவி பஸ்ஸை எப்படியெல்லாம் மாற்றுகிறது என்பதை உன் மாணவர்களுக்குக் காட்டு. மேசைமேல் ஒரே ஒரு உணரியை வைத்து, கணினியை முதலில் கேட்கும் நிலையில் மட்டும் இணை. செய்தி கிடைத்தது என்று சொல்லும் ஏற்புக் குறியைத் தர எவரும் இல்லாததால் அந்த உணரி ஒரே செய்தியைத் திரும்பத் திரும்ப அனுப்பிக்கொண்டிருக்கும். பிறகு கணினியைச் சாதாரண நிலைக்கு மாற்று. ஏற்புக் குறி கிடைத்து எல்லாம் நொடியில் சீராகிவிடும். 2008-இல் லினக்ஸ் கெர்னலில் சாக்கெட்கேன் சேர்ந்தது முதல், இதற்கு விலை உயர்ந்த மென்பொருள் எதுவும் தேவையில்லை என்பது நம் ஊர்ப் பிள்ளைகளுக்கு மிகப் பெரிய வசதி.

அந்த இரண்டு நாள் பதிவுகளையும் தனித்தனிக் கோப்புகளாக அனுப்புகிறேன். கணினிக்குள்ளேயே இயங்கும் மெய்நிகர் கேன் இணைப்பில், பதிவை மறுபடி அனுப்பும் கேன்பிளேயர் நிரலைக் கொண்டு ஓட்டினால், வண்டி இல்லாமலே அதே நேர இடைவெளிகளோடு செய்திகள் வரும். மின்தடையைப் பற்றி முன்கூட்டியே சொல்லிவிடாதே. எத்தனை பேர் எண்களை விட்டுவிட்டு நேரத்தைப் பார்க்கிறார்கள் என்று எனக்கு எழுது.

அன்புடன்,
உன் பழைய நண்பன்