துருப்புச் சீட்டு என்ற சொல்லைப் பொருளறிந்து ஆள வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழை நெடுங்காலமாக வாங்கிப் படித்து வருகிறேன். மொழிநடையில் தாங்கள் காட்டும் அக்கறையை மதிப்பவன் என்பதால்தான் இக்கடிதத்தை எழுதத் துணிந்தேன். அண்மையில் இரண்டு வார இடைவெளியில் ‘துருப்புச் சீட்டு’ என்ற சொல் தங்கள் பக்கங்களில் மூன்று முறை வந்தது. ஒரு தலையங்கக் கட்டுரை, எல்லையில் தவிக்கும் அகதிகளை இரு நாடுகளும் துருப்புச் சீட்டாக்குகின்றன என்று வருந்தியது. ஓர் அரசியல் செய்தி, தோல்வியின் விளிம்பில் நிற்கும் கட்சி வேறு வழியில்லாமல் தன் கடைசித் துருப்புச் சீட்டை வீசிப் பார்க்கிறது என்றது. விளையாட்டுப் பக்கத்திலோ, ஆட்டத்தின் முதல் ஓவரை வீசிய வேகப்பந்து வீச்சாளரே அணியின் துருப்புச் சீட்டு என்று எழுதியிருந்தார்கள். மூன்றும் மூன்று வெவ்வேறு பொருள். சீட்டாடுபவர்கள் அச்சொல்லால் குறிப்பது எதுவோ, அது இம்மூன்றில் ஒன்றிலும் இல்லை.

நான் நாற்பது ஆண்டுகளுக்கு மேலாக இருபத்தெட்டு என்ற சீட்டாட்டம் ஆடுபவன். காசு வைத்து ஒருநாளும் ஆடியதில்லை. மாலையில் நான்கு பேர் கூடினால் சீட்டுக்கட்டை எடுப்போம், இருட்டினால் எழுந்து விடுவோம். அந்த ஆட்டத்தின் உயிரே துருப்புதான் என்பதால், அது என்ன என்பதைச் சற்று விரிவாகச் சொல்ல அனுமதிக்க வேண்டுகிறேன்.

இருபத்தெட்டுக்கு முப்பத்திரண்டு சீட்டுகள் போதும். இஸ்பேடு, ஆட்டின், டைமன், கிளாவர் என்ற நான்கு இனங்களிலும் ஏழு முதல் ஏஸ் வரை எட்டெட்டுச் சீட்டுகள். ஜாக்கிக்கு மூன்று புள்ளி, ஒன்பதுக்கு இரண்டு, ஏஸுக்கும் பத்துக்கும் ஒவ்வொன்று. ஆக இனத்துக்கு ஏழு, நான்கு இனத்துக்கும் இருபத்தெட்டு. எதிரெதிரே அமரும் இருவர் ஒரு கட்சி. முதலில் ஆளுக்கு நான்கு சீட்டு மட்டும் போடுவார்கள். அந்த நான்கை வைத்துக்கொண்டு, இத்தனை புள்ளி எடுப்பேன் என்று ஒருவர்மேல் ஒருவர் ஏற்றிக் கேட்க வேண்டும். அதிகமாகக் கேட்டவர், தம் கையிலிருக்கும் ஒரு சீட்டைக் கவிழ்த்து வைப்பார். அந்தச் சீட்டு எந்த இனமோ அந்த இனம் முழுவதும் அந்த ஆட்டத்துக்குத் துருப்பு. மீதி நான்கு சீட்டு அதன் பிறகுதான் கைக்கு வரும். கையில் பாதியை மட்டுமே கண்ட நிலையில், கூட்டாளியின் கையில் என்ன இருக்கிறது என்று ஒன்றும் தெரியாத நிலையில், ஒருவர் எடுக்கும் முடிவு அது.

துருப்பு என்பது ஒரு சீட்டின் பெயரன்று, ஓர் இனம் முழுவதற்கும் அந்த ஆட்டத்துக்கு மட்டும் கிடைக்கும் பதவி என்பதை முதலில் கவனிக்க வேண்டும். அடுத்த ஆட்டத்தில் வேறோர் இனம் துருப்பாகும். இதே ஆட்டத்தில் டைமன் துருப்பாக இருந்தால், டைமன் ஏழு இஸ்பேடு ஜாக்கியை வெட்டும், அதாவது வென்றுவிடும். டைமன் ஏழுக்குப் புள்ளியே கிடையாது. கட்டிலேயே மிகச் சிறிய சீட்டு அது. ஐம்பத்திரண்டு சீட்டும் ஆடும் பிரிட்ஜிலும் இதே விதிதான். அங்கே துருப்பின் இரண்டு மற்ற இனத்தின் ஏஸை எடுத்துவிடும். ஆகவே, ‘இருப்பதிலேயே பெரியது’ என்ற பொருளில் துருப்புச் சீட்டு என்று எழுதுவது தவறு. பெரியதைச் சொல்ல ஏஸ் இருக்கிறது, ஜாக்கி இருக்கிறது. பிறப்பால் சிறியதாக இருந்தும், ஆட்டம் தந்த உரிமையால் பெரியதை வெல்வதைச் சொல்லத்தான் துருப்பு இருக்கிறது.

துருப்பு கையில் இருக்கிறது என்பதற்காக நினைத்தபோதெல்லாம் அதை இறக்கிவிடவும் முடியாது. முதலில் ஆடுபவர் எந்த இனத்தை இறக்குகிறாரோ, அந்த இனச் சீட்டு கையில் இருக்கும்வரை அதையே போட்டாக வேண்டும். அந்த இனம் கையில் ஒன்றுகூட இல்லாதவருக்குத்தான் வெட்டும் உரிமை. துருப்பின் வலிமை அது இருப்பதில் மட்டும் இல்லை. வேறோர் இனம் கையில் இல்லாமல் போவதிலும் இருக்கிறது. புதிதாக ஆட வருகிறவர்களுக்கு இதைப் புரிய வைப்பதுதான் கடினம். நல்ல கை என்றால் நான்கு இனத்திலும் பெரிய சீட்டுகள் என்று அவர்கள் நினைப்பார்கள். பழகியவரோ, ஓர் இனம் அறவே இல்லாமல் நான்கு துருப்பு வந்திருக்கும் கையைக் கண்டதும் நிமிர்ந்து உட்காருவார்.

எங்கள் பக்கத்து ஆட்டத்தில் இன்னொரு நுட்பமும் உண்டு. கவிழ்த்து வைத்த சீட்டு திறக்கப்படும் வரை துருப்புக்கு வலிமையே இல்லை. கேட்ட இனம் கையில் இல்லாத ஒருவர், ‘துருப்பைத் திற’ என்று சொன்ன பிறகுதான் அது நிமிரும், அதன் பிறகுதான் வெட்டு செல்லும். வைத்தவருக்கு மட்டும் தெரிந்த ஒன்று, மற்ற மூவரும் ஊகித்துக்கொண்டே ஆடும் ஒன்று, தக்க தருணத்தில் வெளிப்பட்டு ஆட்டத்தின் போக்கையே மாற்றும் ஒன்று. தமிழ் அரசியல் செய்திகளில் ‘அவர் கையில் இருக்கும் துருப்புச் சீட்டு என்ன?’ என்று எழுதும்போது, எழுதுபவர் அறிந்தோ அறியாமலோ இந்தக் கவிழ்த்த சீட்டைத்தான் சொல்கிறார். அந்தச் சொல்லாட்சி சரியானது. அதை நான் மனமாரப் பாராட்டுகிறேன்.

இனி அந்த மூன்று இடங்களுக்கு வருகிறேன். அகதிகளைத் துருப்புச் சீட்டாக்குகிறார்கள் என்பது எனக்கு மிகவும் உறுத்தியது. எழுதியவர் சொல்ல வந்தது, பிறருடைய ஆட்டத்தில் தம் விருப்பமின்றி நகர்த்தப்படும் மனிதர்களைப் பற்றி. அதற்குத் தமிழில் ‘பகடைக்காய்’ என்ற அருமையான சொல் இருக்கிறது. பகடை உருள்கிறது, காய் நகர்த்தப்படுகிறது, வெட்டுப்படுகிறது. காய்க்கு அதில் எந்த உரிமையும் இல்லை. துருப்பு வெட்டுவது, பகடைக்காய் வெட்டுப்படுவது. ஒன்றின் இடத்தில் மற்றதை வைத்தால், துன்பப்படுகிறவர்களை வலிமையின் சின்னமாக்கிக் காட்டும் விபரீதம் நேர்கிறது. அக்கட்டுரையின் பரிவு உண்மையானது என்று எனக்குத் தெரியும். அதனாலேயே அந்த ஒரு சொல் அதைக் கெடுத்துவிடக் கூடாது என்று விரும்புகிறேன்.

‘கடைசித் துருப்புச் சீட்டு’ என்பதைப் பற்றிச் சொல்ல எனக்கு நிறைய இருக்கிறது. சீட்டாட்டத்தில் அது தோற்பவனின் கடைசி முயற்சியன்று. துருப்பினத்தில் மொத்தம் எட்டுச் சீட்டு. நல்ல ஆட்டக்காரர், ஒவ்வொரு பிடியிலும் (நால்வரும் ஆளுக்கொரு சீட்டு இறக்கும் சுற்றிலும்) எத்தனை துருப்பு இறங்கியது, யார் இறக்கினார் என்று மனத்துக்குள் எண்ணிக்கொண்டே வருவார். எதிர்க்கட்சியின் கையிலிருக்கும் துருப்பை வெளியே இழுப்பதற்கென்றே தம் பெரிய துருப்புகளை முன்னதாக ஆடித் தீர்ப்பதும் உண்டு. ஏழு இறங்கிவிட்டது என்று உறுதியாகத் தெரிந்த பின் கையில் மிஞ்சியிருக்கும் அந்த எட்டாவது துருப்பு, அது வெறும் ஏழாகவே இருந்தாலும், வெல்ல முடியாதது. யார் எதை இறக்கினாலும் அந்தப் பிடி அவருக்குத்தான். கடைசிப் பிடியில் எதிராளியின் ஏஸும் பத்தும் சேர்ந்து விழ, அதன்மேல் இந்தச் சிறு சீட்டை வைத்து வாரி எடுக்கும் நிறைவை ஆடியவர்கள் அறிவார்கள். கடைசித் துருப்பு என்பது அத்தனை சுற்றும் கணக்குத் தவறாமல் காத்து வைத்ததன் பயன். அதைத் திக்கற்றவன் குருட்டாம்போக்கில் வீசுவதாக எழுதினால், சொல்லின் பொருள் நேர்மாறாகிவிடுகிறது. அந்தச் செய்தியாளர் சொல்ல நினைத்ததற்கு ‘கடைசி முயற்சி’ என்ற எளிய தொடரே போதும்.

பந்துவீச்சாளர் விஷயம் அவ்வளவு பெரிய பிழையன்று. எதிரணியின் இணை நிலைத்து நின்றுவிட்டபோது, அதுவரை ஒதுக்கி வைத்திருந்த ஒருவரைத் தலைவர் அழைத்து, அவர் அந்த இணையைப் பிரித்தால், அவரைத் துருப்புச் சீட்டு என்பது மிகப் பொருத்தம். முதல் ஓவரிலேயே வருபவரை முன்னணி வீச்சாளர் என்றால் போதுமானது.

இந்தக் குழப்பத்துக்கு எனக்குத் தெரிந்தவரை இரண்டு காரணங்கள். இன்று தமிழ்நாட்டில் சீட்டாட்டம் என்றால் பெரும்பாலானோர் அறிந்தது ரம்மி ஒன்றே. ரம்மியில் பிடியும் இல்லை, துருப்பும் இல்லை, வெட்டும் இல்லை. அங்கே இருப்பது ஜோக்கர். ஜோக்கர் எந்தச் சீட்டின் இடத்திலும் பொருந்தும், யாரையும் வெல்வதில்லை. துருப்பை ஆடியறியாத தலைமுறை, அச்சொல்லைக் கேட்கும்போது ஜோக்கரை நினைத்துக்கொள்கிறது. ‘எதற்கும் பயன்படுத்திக்கொள்ளக்கூடியது’ என்ற பொருள் அங்கிருந்துதான் ஒட்டியிருக்க வேண்டும் என்பது என் கருத்து. சிறுவர்கள் ஆடும் கழுதை ஆட்டத்தில் வெட்டு உண்டு என்றாலும், அங்கே வெட்டியவர் எதையும் வெல்வதில்லை. கேட்ட இனத்தில் பெரிய சீட்டை இறக்கியவர் அத்தனையையும் வாரிக்கொள்ள நேர்கிறது. அதிலிருந்தும் துருப்பின் பொருள் விளங்காது.

இன்னொரு காரணம், படையைக் குறிக்கும் ‘துருப்பு’. அயல்நாட்டுச் செய்திகளில் துருப்புகள் குவிப்பு, துருப்புகள் வாபஸ் என்று நாள்தோறும் படிக்கிறோம். அது ஆங்கிலத்தின் ட்ரூப் என்ற சொல்லோடு உறவுடையது. சீட்டின் துருப்புக்கும் அதற்கும் வேரில் தொடர்பில்லை. பதினைந்தாம் நூற்றாண்டு இத்தாலியில் சில தனிச் சீட்டுகளைத் ‘திரியோன்ஃபி’ என்று அழைத்தார்கள். வெற்றி ஊர்வலத்தைக் குறிக்கும் லத்தீன் சொல்லின் வழிவந்தது அது. ஆங்கிலத்தின் ட்ரம்ப் என்ற சீட்டுச் சொல்லும் அதே வழியில் வந்ததே. 1529-இல் கேம்பிரிட்ஜில் ஹ்யூ லாட்டிமர் என்ற சமயப் போதகர், அந்நாளில் மக்கள் ஆடிய இந்த ஆட்டத்தையே உவமையாக எடுத்துக்கொண்டு, இதயக் குறியுள்ள ஆட்டின் இனமே துருப்பு என்று இதயத்தை முன்னிறுத்திப் பேசியிருக்கிறார். இதற்கு டச்சு மொழியில் ‘துரூஃப்’, போர்த்துகீசிய மொழியில் ‘துருன்ஃபு’ என்பார்கள். டச்சுக்காரர்கள் 1658-இல் நாகப்பட்டினத்தையும் யாழ்ப்பாணத்தையும் போர்த்துகீசியரிடமிருந்து கைப்பற்றினார்கள் என்பதை நினைவுகூர்ந்தால், ‘துருப்பு’ முன்னதற்கும், ஈழத்தில் வழங்கும் ‘துரும்பு’ பின்னதற்கும் எவ்வளவு அருகில் நிற்கின்றன என்பது காதுக்கே புலப்படும். படை வீரர்களை எண்ணிக்கொண்டு இச்சொல்லை ஆளுபவர்கள், ஆயுதம், தாக்குதல் என்ற திசையில் போய்விடுகிறார்கள். துருப்பின் உட்பொருள் வெற்றி.

துரும்பு என்றதும் இன்னொன்றையும் சொல்ல வேண்டியிருக்கிறது. ஈழத்தில் முந்நூற்று நாலு என்ற சீட்டாட்டம் ஆடுபவர்கள் துருப்பைத் துரும்பு என்றே சொல்கிறார்கள். அங்கிருந்து வரும் கட்டுரைகளில் ‘துரும்புச் சீட்டு’ என்று இருப்பதைக் கண்டால், நம் ஊர் வாசகர் பல்குத்தும் துரும்பை நினைத்து, பயனற்ற சீட்டு என்று நேரெதிராகப் பொருள்கொள்ளக் கூடும். சில பதிப்பாளர்கள் அதை எழுத்துப் பிழை என்று கருதித் திருத்தியும் விடுகிறார்கள். அது பிழையன்று; அம்மக்களின் வழக்கு. முந்நூற்று நாலிலும் சீட்டுகளின் வரிசை இருபத்தெட்டைப் போன்றதே. ஜாக்கிக்கு முப்பது, ஒன்பதுக்கு இருபது, ஏஸுக்குப் பதினொன்று, பத்துக்குப் பத்து, ராஜாவுக்கு மூன்று, ராணிக்கு இரண்டு என்று இனத்துக்கு எழுபத்தாறு. நான்கு இனமும் சேர்ந்து 304. அங்கேயும் துரும்பைக் கவிழ்த்துத்தான் வைக்கிறார்கள்.

சொற்கள் காலப்போக்கில் பொருள் மாறும் என்பதை நான் அறியாதவன் அல்லன். ஆனால் ஒரு சொல் மாறும்போது மொழிக்கு ஏதேனும் கிடைக்க வேண்டும். இங்கே பகடைக்காய், கடைசி முயற்சி, முன்னணி வீரர் என்று ஏற்கெனவே நம்மிடம் தெளிவாக இருக்கும் மூன்றையும் ஒரே சொல்லுக்குள் திணித்து, அச்சொல் மட்டுமே சொல்லக்கூடிய ஒன்றை இழந்துகொண்டிருக்கிறோம். மறைத்து வைத்தது, விதிக்குட்பட்டு மட்டுமே இறக்கக்கூடியது, சிறியதாயினும் பெரியதை வெல்வது, ஒருமுறை இறக்கினால் தீர்ந்துபோவது ஆகிய நான்கையும் சேர்த்துச் சொல்லத் தமிழில் வேறு ஒற்றைச் சொல் எனக்குத் தெரியவில்லை.

தங்கள் துணையாசிரியர்களுக்கான நடைக்குறிப்பில் இதற்கு ஓரிடம் தருமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். பிறரால் நகர்த்தப்படுவோரைக் குறிக்கும் இடங்களில் பகடைக்காய் என்றே எழுதச் சொல்லுங்கள். துருப்புச் சீட்டை ‘வீசினார்’ என்பதற்குப் பதிலாக ‘இறக்கினார்’ என்றோ, ‘துருப்பால் வெட்டினார்’ என்றோ எழுதினால், ஆடுபவர்களின் வாய்மொழியும் அச்சில் நிலைக்கும். ஈழத்து எழுத்தாளர்களின் கட்டுரைகளில் வரும் துரும்பைத் திருத்தாமல் அப்படியே வெளியிடுங்கள். தேவையெனில், துருப்பு என்று அடிக்குறிப்பில் ஒரு சொல் கொடுத்தால் போதும்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர் ஒருவர்,
நாகர்கோவில்.