வகுப்பில் பாதி, டியூஷனில் மீதி

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

சேலம் செவ்வாய்ப்பேட்டையில் எங்கள் தெருவில் குடியிருக்கும் வெள்ளிக் கொலுசுத் தொழிலாளி ஒருவரின் மகள், அரசு உதவி பெறும் பள்ளியொன்றில் எட்டாம் வகுப்பு படிக்கிறாள். கணக்கில் சந்தேகம் கேட்க வந்தவள் இரண்டு நோட்டுகளைக் கொண்டுவந்தாள். பள்ளி நோட்டில் சமன்பாடுகள் பாடத்தில் மூன்றே கணக்குகள் இருந்தன. டியூஷன் நோட்டில் அதே பயிற்சி முழுவதும் படிப்படியாகப் போடப்பட்டிருந்தது. இரண்டிலும் சிவப்பு மையில் இருந்தது ஒரே ஆசிரியரின் கையெழுத்து. கட்டணம் மாதம் 600 ரூபாய். "டியூஷன் போகலன்னா சார் எங்க நோட்டையே பார்க்க மாட்டாரு தாத்தா" என்றாள்.

31 ஆண்டுகள் கணக்கு ஆசிரியராக இருந்த எனக்கு அன்றிரவு உறக்கம் வரவில்லை.

பள்ளி ஆசிரியர் தனிப் பயிற்சி நடத்தக் கூடாது என்று 2009-ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டத்தின் 28-ஆவது பிரிவு தெளிவாகக் கூறுகிறது. அதைவிட முக்கியமாக நான் கருதுவது 24-ஆவது பிரிவு. பாடத்திட்டத்தை உரிய காலத்தில் முடிப்பதோடு, ஒவ்வொரு குழந்தையின் கற்றல் திறனையும் கணித்துத் தேவைப்படுவோருக்குக் கூடுதலாகக் கற்பிப்பதையும் அது ஆசிரியரின் கடமையாகவே வைத்திருக்கிறது. அப்படியிருக்க, சம்பளம் பெற்றுக்கொண்டு செய்ய வேண்டிய அதே வேலைக்கு அந்தத் தொழிலாளியிடம் இன்னொரு முறை பணம் வாங்குவது எந்த வகையில் நியாயம்?

காலையில் ஒரு மணி நேரம் முன்னதாகவே வந்து, பின்தங்கிய பிள்ளைகளை உட்கார வைத்து ஒரு பைசா வாங்காமல் சொல்லிக்கொடுத்த சக ஆசிரியர்கள் பலரை நான் அறிவேன். சொற்பச் சம்பளத்தில் வாடும் தனியார் பள்ளி ஆசிரியர்களின் நெருக்கடியும் எனக்குத் தெரியும். அது தனியே தீர்க்கப்பட வேண்டியது. தன் வகுப்புப் பிள்ளையிடமே கட்டணம் வாங்குவதற்கு அது காரணமாகாது.

பள்ளி மேலாண்மைக் குழுவில் முறையிடலாமே என்று சிலர் கேட்கக்கூடும். அக்குழுவில் முக்கால் பங்கினர் பெற்றோர்தான் என்றாலும், அவர்களுடைய பிள்ளைகளும் அதே ஆசிரியர்களிடம்தான் படிக்கிறார்கள் என்பதால் எவரும் வாய் திறப்பதில்லை. ஆகவே, தம் மாணவர்களுக்குக் கட்டணப் பயிற்சி நடத்தவில்லை என்று ஒவ்வோர் ஆசிரியரிடமும் ஆண்டுதோறும் எழுத்துப்பூர்வமாக உறுதிமொழி பெறவும், ஆய்வுக்குச் செல்லும் கல்வி அலுவலர்கள் பதிவேடுகளோடு நிறுத்திக்கொள்ளாமல் பிள்ளைகளின் நோட்டுகளையும் பிரித்துப் பார்க்கவும் மாவட்டக் கல்வி நிர்வாகம் உத்தரவிட வேண்டுமெனக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற கணக்கு ஆசிரியர்,
செவ்வாய்ப்பேட்டை, சேலம்.