சீட்டாட்டத்தில் தோற்றவர்

அன்புள்ள சேகர்,

உன் கடிதம் வந்து பத்து நாள் ஆகிறது. அம்மாவுக்குக் கண் ஆபரேஷன் முடிந்து, கட்டுப் பிரித்த பிறகுதான் எழுத உட்கார முடிந்தது. இப்போது நன்றாகத் தெரிகிறதாம். இன்று காலை காலண்டர் தாளை அவளே கிழித்தாள்.

சரி, உன் விஷயத்துக்கு வருகிறேன். நீ படமெடுக்கும் நாதஸ்வரக்காரர் கேமராவைப் பார்த்ததும் விறைத்துப்போகிறார் என்று எழுதியிருந்தாய். வெளிச்சம் போய்விடுமே என்ற அவசரத்தில் அவர் மனைவி நீட்டிய காபியைக்கூட வேண்டாம் என்றாயாம். படித்ததும் எனக்கு அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் லெஸ் பிளாங்க் ஞாபகம் வந்தது.

1960களின் கடைசியில் டெக்சாஸில் ப்ளூஸ் என்ற கறுப்பின மக்களின் இசையைப் பாடிய லைட்னின் ஹாப்கின்ஸைப் படமெடுக்கப் போனவர் அவர். முதல் நாள் பத்துப் பாட்டு பாடிய ஹாப்கின்ஸ், அதோடு கிளம்பச் சொல்லிவிட்டார். பிளாங்க் அவரோடு சீட்டாட உட்கார்ந்து, இருந்த காசையெல்லாம் விட்டார். மறுபடியும் போய்த் தோற்றார். ஜெயித்தவருக்கு மனசு இளகிவிட்டது, படமெடுக்க விட்டார். அரை மணி நேரப் படம்தான். ஆனால் அதில் ஹாப்கின்ஸ் யாருக்காகவும் உட்கார்ந்து காட்டுவதில்லை, தன் ஊரில் தன் பாட்டுக்கு இருக்கிறார்.

அதைவிட எனக்குப் பிடித்தது, கிதார் வாசித்துப் பாடும் மான்ஸ் லிப்ஸ்காம்ப் பற்றி பிளாங்க் எடுத்த 1971 படம். டெக்சாஸில் நவசோட்டா பக்கம் அடுத்தவர் நிலத்தை வாரத்துக்கு எடுத்து உழுதே காலம் கழித்த மனிதர். 1960இல் முதல் இசைத்தட்டு வந்தபோது அவருக்கு வயது அறுபத்தைந்து. பேனாக்கத்தியை விரலிடுக்கில் பிடித்து கிதார் கம்பி மேல் இழுப்பார். அந்தக் கையை நான் எத்தனை முறை பார்த்திருப்பேன்! ஏர் பிடித்த கை என்று யாரும் எடுத்துச் சொல்லத் தேவையில்லை.

அப்புறம் சமையல். நியூ ஆர்லியன்ஸ் படத்தில் பாடகி இர்மா தாமஸ் சிவப்பு பீன்ஸும் சோறும் செய்யும் பக்குவம் சொல்கிறார். டெக்சாஸ்-மெக்சிகோ எல்லைப் படத்தில் பாடகி லிடியா மெண்டோசா வீட்டில் தமாலே என்ற சோளமாவுப் பலகாரம் தயாராகிறது. பூண்டைப் பற்றியே ஒரு படம் எடுத்து, அது ஓடும்போது தியேட்டருக்குள் பூண்டு வாட்டி மணக்க விட்டிருக்கிறார் மனுஷன்! இது வேடிக்கைக்குச் செய்ததாக எனக்குத் தோன்றவில்லை. அடுப்படியை விட்டுவிட்டு அந்த ஜனங்களின் பாட்டை மட்டும் தனியாக எடுத்துக்கொண்டு போக அவருக்கு மனசு வரவில்லை.

ஒரு குறையும் உண்டு. இந்தப் படங்களில் பின்னணிக் குரல் வைத்து அவர் எதையும் விளக்குவதில்லை. ஊர், உறவு, வரலாறு தெரியாமல் நான் தவித்த இடங்கள் இருக்கின்றன. உன் படத்தில் அந்த அளவுக்குப் போகாதே. உன் நாதஸ்வரக்காரர் யாரிடம் கற்றார், எந்தக் கோயிலில் வாசித்தார் என்பதெல்லாம் எனக்குத் தெரிய வேண்டும்.

ஆனால் அடுத்த வாரம் போகும்போது கேமரா பையிலேயே இருக்கட்டும். அவர் நாதஸ்வரத்தில் ஊதும் சீவாளியைச் சரிபார்க்கும்போது பக்கத்தில் உட்கார்ந்திரு. அந்த அம்மா காபி கொடுத்தால் வாங்கிக் குடி. என்ன நடந்தது என்று எழுது. மாசியில் அங்கே வருகிறேன், என்னையும் அவர் வீட்டுக்குக் கூட்டிப் போ.

அன்புடன்,
முரளி