பானியோனிஸுக்கு ஒரே வரிதானா?

ஆசிரியருக்கு,

'சோலாரிஸ்' (1972) என்ற சோவியத் அறிவியல் புனைகதைப் படம் பற்றி உங்கள் இதழில் வந்த கட்டுரை அருமை. ஆனால் நாயகனாக நடித்த தோனாதஸ் பானியோனிஸுக்குக் கட்டுரையில் ஒரே வரிதானா? மனம் ஒப்பவில்லை. 1941-ல், தலைநகர் வில்னியஸில்கூட அல்ல, பனேவெஜிஸ் என்ற லித்துவேனிய ஊரில் இயக்குநர் யுவோஸஸ் மில்டினிஸின் நாடகக் குழுவில் சேர்ந்தவர் அவர். சோவியத் நாடு முழுக்கப் புகழ் பெற்ற பிறகும் மாஸ்கோவுக்குக் குடிபெயரவில்லை. அதே மேடையில் நின்றார். மில்டினிஸுக்குப் பிறகு, 1980 முதல் 1988 வரை அந்த அரங்கை வழிநடத்தியதும் அவரே. அப்புறம் இன்னொன்று: 'சோலாரிஸ்' படத்தில் நாம் கேட்பது அவர் குரல் அல்ல, ரஷ்ய மொழியில் வேறொரு நடிகர் பேசியது. அப்படியும் அந்த முகம் எவ்வளவு சொல்லிவிடுகிறது! அவருடைய மேடை வாழ்க்கை பற்றித் தனிக் கட்டுரை வெளியிடுங்கள்.

ஒரு நாடக ரசிகர்