மௌனப் பட காமெடியை வெட்டி ரீல்ஸ் போடுற நண்பர்களுக்கு ஒரு திறந்த மடல்

வணக்கம் நண்பர்களே,

மௌனப் பட காமெடி நடிகர் பஸ்டர் கீட்டன், லாரல் ஹார்டி ஜோடியோட குறும்படமெல்லாம் கிட்டத்தட்ட நூறு வருஷம் கழிச்சு இன்னைக்கு ஒரு சின்னப் பிள்ளை ஃபோன் வரைக்கும் வருதுன்னா அது உங்களாலதான், மனசார நன்றி. ஆனா நீங்க போடுற விதத்தைப் பாத்தா வயிறு எரியுது, அதான் எழுதுறேன்.

1920ல வந்த கீட்டனோட 'ஒன் வீக்' எடுத்துக்கோங்க. புதுசா கல்யாணமான ஜோடி, பெட்டி பெட்டியா வந்த வீட்டை நம்பர் பாத்து மாட்டுறாங்க, அந்தப் பொண்ணு கிடைக்காத கடுப்புல ஒருத்தன் நம்பரை மாத்திடுறான், வீடு கோணல்மாணலா நிக்குது. கடைசில அந்த வீட்டை வேற இடத்துக்கு இழுத்துட்டுப் போறப்ப தண்டவாளத்துல மாட்டிக்குது, ரயில் வருது, போச்சுடான்னு நினைக்கிறோம், அது பக்கத்து தண்டவாளத்துல போயிடுது. அப்பாடான்னு மூச்சு விடுறதுக்குள்ள எதிர்த்திசைல இன்னொரு ரயில் வந்து வீட்டை நொறுக்கிட்டுப் போகுது. மினியேச்சர் கிடையாது, நிஜ ரயில்!

இதை நீங்க ஃபோனுக்காக ரெண்டு பக்கமும் வெட்டிடுறீங்க, பக்கத்துல இன்னொரு தண்டவாளம் இருக்குறதே தெரிய மாட்டேங்குது. சில பேர் முதல் ரயிலையே தூக்கிட்டு நொறுங்குறதை மட்டும் போடுறாங்க. அந்த 'அப்பாடா' இல்லாம அதுல என்னங்க சிரிப்பு இருக்கு? கீட்டன் ஃபுல் ஃப்ரேமையும் யோசிச்சு வச்ச ஆளு, ஓரத்துலதான் அடுத்த அடி காத்துக்கிட்டு இருக்கும்.

அடுத்தது ஸ்பீடு. அப்ப கேமராவைக் கையால சுத்துவாங்க, காமெடிக்கு வேணும்னே கொஞ்சம் மெதுவா சுத்தி எடுப்பாங்க, திரையில ஓட்டுறப்ப அதுவே வேகமாத் தெரியும். அதாவது எவ்வளவு வேகம் வேணும்னு அவங்களே கணக்குப் போட்டு வச்சாச்சு, அதுக்கு மேல நீங்க ஒன்றரை மடங்கு ஓட்டுனா எல்லாரும் பூச்சி மாதிரி துள்ளுறாங்க. 1929ல வந்த 'பிக் பிசினஸ்'ல கிறிஸ்துமஸ் மரம் விக்க வந்த லாரலும் ஹார்டியும் அந்த வீட்டை உடைக்க, வீட்டுக்காரர் இவங்க காரை உடைக்க, ஒருத்தர் உடைக்குறப்ப மத்தவங்க பொறுமையா நின்னு வேடிக்கை பாப்பாங்க. அந்தப் பொறுமைக்குத்தான் நாம விழுந்து விழுந்து சிரிக்குறோம், அதையும் ஓட்டி விட்டுட்டா வெறும் உடைசல்தான் மிச்சம். மேல 'டொய்ங்' சவுண்டு வேற, தயவுசெஞ்சு வேணாம்.

இந்தப் படமெல்லாம் ரெண்டு ஃபிலிம் சுருள்தான், இருபது நிமிஷம் சுத்தி வரும். முழுசா, வெட்டாம, சரியான ஸ்பீடுல போடுங்க. டிஸ்கிரிப்ஷன்ல படத்தோட பேர், வருஷம், 'ஒன் வீக்'னா கூட நடிச்ச சிபில் சீலி பேர், கீட்டனோட சேர்ந்து இயக்குன எட்வர்ட் கிளைன் பேரையும் போடுங்க. 'ஒன் வீக்'ல இருந்தே ஆரம்பிங்களேன்.

அன்புடன்,
உங்க சேனல்களை விடாம பாக்குற ஒரு ரசிகன்